ஒற்றைச் சாட்சியும் பொல்லடி வழக்கும்: மேன்முறையீட்டில் எது நிற்கும்?

கேள்வி — வெல்லாவெளிப் பக்கத்து வாசகர், மே 11

"என் மாமாவுக்குப் போன கிழமை நீதவான் நீதிமன்றத்தில் தண்டனைச் சட்டக்கோவை 316 ஆம் பிரிவின் கீழ் (பாரதூரமான காயம்) ஒன்பது மாதச் சிறை. வயல் வட்டையில் தண்ணீர் முறைப் பிரச்சினை, இரவு நேரம், ஒருவருக்குக் கை எலும்பு முறிவு. சாட்சி சொன்னது அடிபட்டவரும் அவர் பெண்சாதியும் மட்டும். ஒரே வீட்டு ஆட்கள். ஒருவர் பொல்லு என்கிறார், மற்றவர் மண்வெட்டிப் பிடி என்கிறார். வெளியாள் ஒருவர்கூட இல்லை. மேல் நீதிமன்றத்துக்குப் போனால் விடுதலை நிச்சயம்தானே?"

மே 11, இரவு

நிச்சயம் இல்லை, தம்பி. வெளியாள் சாட்சி இல்லை என்ற ஒரே காரணத்துக்காக எந்த மேல் நீதிமன்றமும் தண்டனையை நீக்காது.

நான் சட்டத்தரணி இல்லை. இலங்கையின் கிழக்கு மாகாண நீதிமன்றங்களில் சுருக்கெழுத்தாளராக இருந்து ஓய்வு பெற்றவள். சாட்சிகள் சொன்னதையெல்லாம் கேட்டுத் தட்டச்சு செய்ததும், அந்தப் பக்கங்கள் மேன்முறையீட்டில் என்ன ஆகின என்று பிறகு தேடி வாசித்ததும்தான் என் அனுபவம்.

1895 ஆம் ஆண்டின் 14 ஆம் இலக்கச் சான்றுக் கட்டளைச் சட்டத்தில் 134 ஆம் பிரிவு ஒரே வரி. எந்த விடயத்தை நிரூபிக்கவும் இத்தனை சாட்சி வேண்டும் என்ற கணக்கு கிடையாது. நம் ஊரில் அடிதடி நடந்த உடனே "கண்ட ஆக்கள் எத்தனை பேர்?" என்று கேட்பார்கள். நீதிமன்றம், சொன்னவரை நம்பலாமா என்று கேட்கும். சுமணசேன எதிர் சட்டமா அதிபர் வழக்கில் (1999 சட்ட அறிக்கைகள்) நீதியரசர் ஜயசூரிய சொன்னது இன்றும் தீர்ப்புகளில் திரும்பத் திரும்ப வருகிறது: சான்றை எண்ணக்கூடாது, நிறுக்க வேண்டும். அழுத்தமான ஒற்றைச் சாட்சியை வைத்தே தீர்ப்புச் சொல்லலாம்.

நம் கட்டளைச் சட்டம் 1872 ஆம் ஆண்டின் இந்தியச் சான்றுச் சட்டத்தைப் பார்த்து எழுதியது. 2024 வரை அங்கேயும் இதே 134 இருந்தது. வடிவேலு தேவர் எதிர் மதராஸ் மாநிலம் என்ற 1957 ஆம் ஆண்டு வழக்கில், கொல்லப்பட்டவரின் மனைவியுடைய சாட்சியத்தை வைத்தே குற்றத் தீர்ப்பு நின்றது. சாட்சிகளை மூன்று வகையாகப் பிரித்ததும் அந்தத் தீர்ப்புத்தான். முழுதாக நம்பத்தக்கவர், முழுதாக நம்பத்தகாதவர், இரண்டுக்கும் நடுவில் நிற்பவர். முதல் இரண்டு வகையிலும் நீதிபதிக்குச் சிரமம் இல்லை. நடுவில் நிற்பவருக்குத்தான் வேறொரு ஆதாரத்தின் துணை தேவை, அதாவது ஒத்துறுதிச் சான்று.

ஆகவே உன் மாமாவின் வழக்கில், அந்த இருவரும் எந்த வகை என்று பார்க்க வேண்டும். எத்தனை பேர் என்பதில் நேரத்தைச் செலவழிக்காதே.

மே 11, கொஞ்ச நேரம் கழித்து

முக்கியமானதை மேலே எழுதாமல் விட்டேன். நீதவான் நீதிமன்றத் தீர்ப்புக்கு எதிரான மேன்முறையீட்டு மனுவை 14 நாளுக்குள் கொடுக்க வேண்டும். "போன கிழமை" என்கிறாய். நாளைக் காலையிலேயே சட்டத்தரணியிடம் போ. வாதங்களைப் பிறகு பேசலாம்.

மே 13

மனு கொடுத்தாயிற்று என்று எழுதியிருக்கிறான். நல்லது. இனி அந்தப் பொல்லும் மண்வெட்டிப் பிடியும்.

மண்வெட்டியிலிருந்து கழற்றிய பிடியை இருட்டில் ஓங்கினால் அது பொல்லு மாதிரித்தான் தெரியும். ஒருவர் இப்படியும் மற்றவர் அப்படியும் சொன்னதை மேல் நீதிமன்றம் பெரிதாக எடுக்காது. 1983 இல் இந்திய உச்ச நீதிமன்றம் பர்வாடா போகின்பாய் வழக்கில் காரணங்களை வரிசையாகவே சொன்னது. சாட்சியின் மனம் புகைப்படம் எடுக்கும் கருவி இல்லை. ஒருவர் கவனித்ததை மற்றவர் கவனித்திருக்க மாட்டார். நேரமும் தூரமும் உத்தேசமாகத்தான் வரும். கூண்டில் ஏறியதும் பதற்றத்தில் நினைவு குழம்பும். நம் நீதிமன்றங்களும் இதை அடிக்கடி எடுத்துக்காட்டுகின்றன.

என் மேசையிலிருந்து நான் கண்டதும் இதுவே. "எத்தனை யார் (கெஜம்) தூரம்?" என்று கேட்டால் படுவான்கரை விவசாயி வரம்புக் கணக்கில் சொல்வார். "யாரில் சொல்லுங்கள்" என்று அழுத்தினால் ஏதோ ஒரு எண்ணைச் சொல்வார். பொலிசில் சொன்ன எண் வேறாக இருக்கும். குறுக்கு விசாரணையில் அது பெரிய முரண்பாடாகக் குறிக்கப்படும். அந்த மனுஷன் பொய் சொல்லவில்லை. தன் அளவையை விட்டு இன்னொருவரின் அளவையில் பேச வைக்கப்பட்டார்.

வாக்குமூலம் எழுதப்படும் விதத்தையும் பார்க்க வேண்டும். தமிழில் சொன்னதைச் சிங்களத்தில் எழுதிச் சுருக்கி, வாசித்துக் காட்டியதாகக் குறித்து, கையொப்பம் வாங்கியதைப் பல வழக்குகளில் கண்டிருக்கிறேன். அதில் ஒரு விடயம் இல்லாவிட்டால், சாட்சி சொல்லாமல் விட்டாரா, எழுதியவர் எழுதாமல் விட்டாரா என்று யாராவது கேட்க வேண்டும். கீர்த்தி பண்டார வழக்கில் (2000 சட்ட அறிக்கைகள்) நீதிபதியே பொலிஸ் தகவல் புத்தகத்தைப் பார்த்து அந்த விடுபாடு உண்மையில் இருக்கிறதா என்று சரிபார்க்கலாம் என்று சொல்லப்பட்டது. நான் இருந்த காலத்தில் அப்படிப் பார்த்த நீதவான்கள் இருந்தார்கள். அவர்களுடைய தீர்ப்புகள் மேன்முறையீட்டில் சுலபமாக அசையவில்லை.

இதை எதிரியின், அதாவது குற்றம் சாட்டப்பட்டவரின், மருமகனிடம் சொல்வது கொடுமையாக இருக்கலாம். ஆனால் நாளை உன் வீட்டில் ஒருவர் அடிபட்டுச் சாட்சி சொல்லப் போனால், இதே நியாயம்தான் அவரையும் காப்பாற்றும்.

மே 14

கல்முனையிலிருந்து ஒருவர்: "எங்கள் வழக்கில் மூன்று கண்கண்ட சாட்சி, மூன்று பேரும் ஒரே மாதிரிச் சொன்னார்கள். ஆனாலும் விடுதலை. ஏன்?"

ஒரே மாதிரிச் சொன்னதாலேயே இருக்கலாம். மூன்று பேர் மூன்று இடத்தில் நின்று பார்த்தால் மூன்று விதமாகத்தான் வரும். "எதிரி தன் வலது கையில் வைத்திருந்த சுமார் இரண்டரை அடி நீளமான பொல்லால்" என்று மூன்று சாட்சிகள் சொல் மாறாமல் சொன்னதை ஒரே காலையில் நான் தட்டச்சு செய்திருக்கிறேன். மூன்றாவது முறை அந்த வசனம் வந்தபோது நீதவான் பேனையைக் கீழே வைத்துவிட்டுச் சாட்சியை நிமிர்ந்து பார்த்தார்.

மே 19

வைத்திய அறிக்கை பற்றிப் பலர் கேட்டிருக்கிறீர்கள். "டொக்டர் ரிப்போர்ட்டே இருக்கிறது, அதற்கு மேல் என்ன ஒத்துறுதி?" என்று ஒருவர். இதைக் கொஞ்சம் நிதானமாகச் சொல்ல வேண்டும். அடிதடி வழக்குகளில் இரண்டு தரப்பும் அதிகம் தவறாக விளங்கிக்கொள்வது இந்தத் தாளைத்தான்.

சட்ட வைத்திய அதிகாரி காயத்தின் இடம், அளவு, வகை, எலும்பு முறிந்ததா, எந்த மாதிரியான ஆயுதத்தால் வந்திருக்கலாம் என்று சொல்வார். எலும்போ பல்லோ முறிந்தால் தண்டனைச் சட்டக்கோவையின் 311 ஆம் பிரிவுப்படி அது பாரதூரமான காயம். அதனால்தான் உன் மாமாவுக்குச் சாதாரணக் காயத்துக்கான 314 வராமல் 316 வந்தது. இதுவரைக்கும் அறிக்கை பலமான சான்று. மொட்டையான ஆயுதத்தால் அடி விழுந்தது, கை முறிந்தது, இரண்டும் உறுதி.

யார் அடித்தது என்பதை அந்தத் தாள் சொல்லாது.

1916 இல் இங்கிலாந்தில் பாஸ்கர்வில் வழக்கு ஒத்துறுதிச் சான்றுக்குச் சொன்ன இலக்கணம் இது: சுயாதீனமான ஒரு மூலத்திலிருந்து வர வேண்டும், குற்றம் நடந்தது என்பதோடு நில்லாமல் அதை இந்த எதிரியோடு தொடுக்கவும் வேண்டும். அது குற்றத்தில் கூட்டாளியாக இருந்தவரின் சாட்சியம் பற்றிய வழக்கு. அடிபட்டவருக்கு அப்படியொரு துணைச்சான்று கட்டாயம் என்று நம் சட்டத்தில் இல்லை. ஆனால் அடையாளம்தான் வழக்கின் பிரச்சினை என்றால் இந்த அளவுகோல் மிகவும் உதவும். தீர்ப்பில் "முறைப்பாட்டாளரின் சாட்சியத்தை வைத்திய அறிக்கை ஒத்துறுதிப்படுத்துகிறது" என்ற வரியைக் கண்டால், எந்தப் பகுதியை என்று கேளுங்கள். அடி விழுந்ததையா, அடித்த ஆளையா? அநேகமாக முதலாவதை மட்டும்தான். இரண்டாவதும் சேர்ந்து உறுதியானதாக எண்ணிப் போன தீர்ப்புகள் உண்டு. மேன்முறையீட்டில் பிடிக்கக்கூடிய இடம் அது.

அதே தாளில் இன்னொரு சின்னப் பகுதி இருக்கிறது. வைத்தியசாலையில் அனுமதித்த கையோடு "என்ன நடந்தது?" என்று கேட்டு நோயாளி சொன்னதை வைத்தியர் சுருக்கமாக எழுதுவார். பெயர் சொல்லி எழுதப்பட்டிருந்தால் அது பெரிய விடயம். யோசித்துச் சோடிக்க நேரமில்லாத வேளையில் வந்த பேச்சு. சான்றுக் கட்டளைச் சட்டத்தின் 157 ஆம் பிரிவு, சம்பவத்தை ஒட்டிய நேரத்தில் சாட்சி முன்னர் சொன்னதைப் பின்னர் சொல்வதற்குத் துணையாக எடுக்க இடம் தருகிறது. ஆனால் அதுவும் அதே வாயிலிருந்து வந்ததுதான். ஆள் தடுமாறாமல் ஒரே கதையைச் சொல்கிறார் என்று காட்டும். சுயாதீனமான சான்று ஆகாது.

பொலிஸ் வாக்குமூலத்தை இதோடு குழப்பாதீர்கள். புலன்விசாரணையில் பதிந்த வாக்குமூலத்தை அந்தச் சாட்சியையே பலப்படுத்தப் பயன்படுத்த முடியாது. 1979 ஆம் ஆண்டின் 15 ஆம் இலக்கக் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 110(3) அதைத் தடுக்கிறது. முரண்பாடு காட்டப் பயன்படுத்தலாம். முதல் முறைப்பாடு வேறு, அதற்கு இந்தத் தடை இல்லை. அதனால்தான் அடிபட்ட கையோடு போடும் முறைப்பாட்டுக்கு இவ்வளவு பெறுமதி.

ஜூன் 2

"சொந்தக்காரர் சாட்சி" என்ற வாதத்துக்குத் திரும்பி வருகிறேன். நாலைந்து பேர் அதையே பிடித்துக்கொண்டிருக்கிறீர்கள்.

இரவில் வட்டைக்குள் யார் இருப்பார்? காவலுக்குப் போன புருஷனும், சோறு கொண்டு போன பெண்சாதியும், வாடியில் படுத்த மகனும். அங்கே வெளியாள் சாட்சி எங்கிருந்து வரும்? 1953 ஆம் ஆண்டின் தலீப் சிங் வழக்கில் இந்திய உச்ச நீதிமன்றம் சொன்ன நியாயம் எனக்குச் சரியாகப் படுகிறது: நெருங்கிய உறவு உள்ளவர் உண்மையாக அடித்தவனைத் தப்ப விட்டு வேறொருவனை மாட்ட விரும்ப மாட்டார்.

இவ்வளவும் எழுதிவிட்டு ஒரு நாள் முழுக்க யோசித்தேன். அதே தீர்ப்பில் ஒரு எச்சரிக்கையும் இருக்கிறது. பகை கொதிக்கும் இடத்தில், அடித்தவனோடு அடிக்காதவனையும் சேர்த்து இழுக்கும் பழக்கம் உண்டு. எங்கள் காணி, வாய்க்கால் வழக்குகளுக்கு இந்த இரண்டாவது பாதிதான் அதிகம் பொருந்தும் என்று இப்போது நினைக்கிறேன். அண்ணன் அடித்திருப்பான். முறைப்பாட்டில் தம்பியும் மச்சானும் சேர்ந்து வருவார்கள். அப்படிப்பட்ட வழக்கில் உறவுச் சாட்சியைத் தள்ளவும் கூடாது, அப்படியே விழுங்கவும் கூடாது. ஒவ்வொரு எதிரிக்கும் தனித்தனியாக நிறுக்க வேண்டும்.

உன் மாமா ஒருவர்தான் எதிரி. கூட யாரையும் இழுக்கவில்லை. அது அடிபட்டவர்கள் பக்கம் பேசும் விடயம், தம்பி.

ஜூன் 3

பயத்தில் ஐந்து நாள் பிந்திச் சொன்ன சாட்சியை நம்பலாமா என்று ஏறாவூரிலிருந்து கேள்வி. பிந்தியதற்குக் காரணம் சொல்லி, அந்தக் காரணம் ஏற்கத்தக்கதாக இருந்தால் நம்பலாம். சுமணசேன வழக்கே அதையும் சொல்கிறது. சாட்சிகளின் பாதுகாப்புக்கென்று 2015 இல் ஒரு சட்டமும், அதற்குப் பதிலாக 2023 இல் 10 ஆம் இலக்கச் சட்டமும் வந்தன. மிரட்டல் இருந்தால் அதை அப்போதே பதிந்து வையுங்கள்.

ஆகஸ்ட் 23

வழக்கேட்டின் சான்றுப்படுத்திய பிரதி கிடைத்து, தம்பி எனக்கு அனுப்பியிருந்தான். வாசித்தேன். பெயரும் இடமும் இல்லாமல் எழுதுகிறேன்.

பொல்லு, மண்வெட்டிப் பிடி எல்லாவற்றையும் விடுங்கள். வெளிச்சம் பற்றித் தீர்ப்பில் ஒரு பத்திகூட இல்லை. சம்பவம் இரவு ஏழரைக்கும் எட்டுக்கும் இடையில். அடிபட்டவர் "நிலா வெளிச்சத்தில் கண்டேன்" என்கிறார். பெண்சாதி "டோர்ச் அடித்துப் பார்த்தேன்" என்கிறார். எவ்வளவு தூரம், எவ்வளவு நேரம் முகம் தெரிந்தது, டோர்ச் யார் கையில் இருந்தது என்று எதிரிதரப்புச் சட்டத்தரணியும் நோண்டவில்லை, நீதவானும் எழுதவில்லை. "சாட்சிகள் எதிரியை முன்பே அறிந்தவர்கள்" என்ற ஒரு வரியோடு அடையாளம் முடிந்துவிடுகிறது.

இங்கிலாந்தில் 1976 இல் தீர்ந்த டேர்ன்புல் வழக்கின் வழிகாட்டல்களை நம் நீதிமன்றங்களும் எடுத்துக்காட்டுகின்றன. எவ்வளவு நேரம், என்ன தூரம், என்ன வெளிச்சம், இடையில் மறைப்பு உண்டா, முன்பு கண்ட ஆளா என்று பார்க்கச் சொல்கிறது அது. நெருங்கிய உறவினரையும் நண்பரையும்கூட ஆட்கள் மாறி அடையாளம் காண்பதுண்டு என்று அதிலேயே எச்சரிக்கை இருக்கிறது. தெரிந்தவர் என்ற ஒன்று மட்டும் போதாது. குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 283 ஆம் பிரிவு தீர்ப்புக்குக் காரணம் எழுதச் சொல்கிறது. இங்கே, பிரதானமான பிரச்சினைக்கே காரணம் இல்லை.

உனக்குப் பாதகமானதையும் மறைக்க மாட்டேன். அன்றிரவே வைத்தியர் எழுதிய சுருக்கத்தில் "தெரிந்தவர் ஒருவர் தாக்கினார்" என்று இருக்கிறது. பெயர் இல்லை. ஆனால் அடிபட்டவர் ஆளை அறிந்துகொண்டார் என்பதற்கு அது துணை. அரச தரப்பு அதை நிச்சயம் எடுக்கும்.

ஆகஸ்ட் 24

அக்கரைப்பற்றிலிருந்து ஒரு காக்கா (முஸ்லிம் அண்ணன்), அவரும் விவசாயி, ஒரே வரி எழுதியிருக்கிறார்: "அந்தத் திகதி பூரணை கழிந்து நாலாம் நாள். எட்டு மணிக்கு நிலா எங்கே?"

கலண்டரை எடுத்துப் பார்த்தேன். சரிதான். பூரணையன்று பொழுது படும் நேரத்தில் எழும்பும் நிலா, பிறகு நாளுக்கு முக்கால் மணித்தியாலத்துக்குக் கிட்டப் பிந்தும். நாலாம் நாள் ஒன்பது மணி கழிந்துதான் வரும். ஏழரை, எட்டுக்கு வட்டையில் நல்ல இருட்டு. இரவுக் காவலுக்குப் போகிற எவருக்கும் தெரிந்த கணக்கு இது. நீதிமன்றத்தில் ஒருவர்கூட அதைக் கேட்கவில்லை!

புதிதாகச் சாட்சி அழைக்காமலேயே இதை மேல் நீதிமன்றத்தில் எழுப்ப முயலலாம். சான்றுக் கட்டளைச் சட்டத்தின் 57 ஆம் பிரிவு, இப்படியான பொது விடயங்களில் உரிய நூல்களையும் ஆவணங்களையும் நீதிமன்றம் பார்க்க இடம் தருகிறது. சட்டத்தரணியிடம் இதைச் சொல்.

நிலா விடயம் பொய்த்ததால் அடிபட்டவரின் மொத்தச் சாட்சியமும் விழுந்துவிடும் என்று எண்ணாதே. ஒன்றில் பொய் என்றால் எல்லாம் பொய் என்ற பழைய விதியை நம் நீதிமன்றங்கள் கண்ணை மூடிக்கொண்டு பிடிப்பதில்லை. அறுபதுகளில் வந்த பிரான்சிஸ் அப்புஹாமி வழக்கு அதைத் தெளிவாக்கியது. பொய்யான பகுதியைப் பிரித்தெடுக்க முடியுமா, அது மற்றதையும் கெடுத்துவிட்டதா என்று பார்க்க வேண்டும். கை முறிந்தது உண்மை, பிரித்து நிறுத்தலாம். ஆனால் நிலா வெளிச்சத்தில்தான் முகத்தைக் கண்டார் என்றால் நிலாவோடு முகமும் போகிறது. அப்போது வழக்கு முழுவதும் அந்தப் பெண்ணின் டோர்ச்சில் வந்து நிற்கும். தொடங்கிய இடத்தில் இரண்டு சாட்சி, இப்போது உண்மையிலேயே ஒற்றைச் சாட்சி.

ஆகஸ்ட் 26

"சாட்சியை நேரில் கண்டது நீதவான். கடதாசியை மட்டும் பார்க்கும் மேல் நீதிமன்றம் எப்படி மாற்றும்?" நியாயமான கேள்வி. இலங்கையிலிருந்து போன ஃப்ராட் எதிர் பிரவுண் கம்பனி வழக்கில், சாட்சியின் நடத்தையை நேரில் பார்த்து நம்பிய நீதிபதியை மேன்முறையீட்டில் மாற்றுவது மிக அரிதாகவே இருக்க வேண்டும் என்று 1918 இலேயே லண்டன் கோமறைக் கழகம் (பிரிவி கவுன்சில்) சொன்னது. அதை நான் மதிக்கிறேன். கேள்விக்கும் பதிலுக்கும் இடையில் ஒரு பெண் எவ்வளவு நேரம் பேசாமல் நின்றாள், யாரைப் பார்த்தாள் என்பதை நான் ஒரு நாளும் தட்டச்சு செய்ததில்லை. அதற்குப் பக்கத்தில் இடமே இல்லை.

ஆனால் இந்த வழக்கேட்டை இன்னொரு தரம் புரட்டும்போது ஒன்று பட்டது. அடிபட்டவரின் சாட்சியத்தைக் கேட்டது ஒரு நீதவான். அவர் இடமாற்றத்தில் போனார். வந்தவர் 1978 ஆம் ஆண்டின் நீதித்துறைச் சட்டம் 48 ஆம் பிரிவின் கீழ் முன்னைய சாட்சியத்தை ஏற்றுக்கொண்டு, பெண்சாதியை மட்டும் கேட்டுத் தீர்ப்பு எழுதினார். சட்டப்படி அது சரி. ஆனால் முறைப்பாட்டாளரின் முகத்தைத் தீர்ப்பு எழுதியவர் கூண்டில் பார்க்கவே இல்லை. அவரைப் பொறுத்தமட்டில், கீழ் நீதிமன்றத்துக்கு இருந்ததும் அதே கடதாசி, மேல் நீதிமன்றத்துக்கு இருப்பதும் அதே கடதாசி. பெண்சாதி விடயம் வேறு. அவரைத் தீர்ப்பளித்தவர் கண்டிருக்கிறார், அந்த மரியாதை அவர் சாட்சியத்துக்கு உண்டு.

செப்டெம்பர் 6

"அப்படியானால் மாமா வெளியே வருவாரா?" என்று தம்பி திரும்பவும் கேட்கிறான்.

அவர் அடித்தாரா இல்லையா என்று இந்தப் பக்கங்களை வைத்து என்னால் சொல்ல முடியாது. எழுதிய தீர்ப்பு பலவீனமானது என்று மட்டும் சொல்வேன். மனுவில் நான்காவதாகக் கிடக்கும் அடையாளத்தை முதலாவதாக எடுத்து வாதாடச் சொல். பொல்லையும் "சொந்தக்காரர்" வாதத்தையும் கடைசிக்குத் தள்ளச் சொல், முடிந்தால் விட்டுவிடச் சொல். பலமில்லாத காரணங்களை முன்னுக்கு வைத்தால் பலமானதும் அவற்றோடு சேர்ந்து மெலியும்.

மேல் நீதிமன்றம் விடுதலை செய்யலாம், தண்டனையை உறுதிப்படுத்தலாம், மறு விளக்கத்துக்கும், அதாவது வழக்கை மறுபடி விசாரிக்கவும், அனுப்பலாம். அதன் தீர்ப்பும் பிடிக்காவிட்டால் உயர் நீதிமன்றம் இருக்கிறது. அங்கே சட்டப் பிரச்சினை ஒன்று இருந்து அனுமதி கிடைத்தால்தான் உண்டு.

மறு விளக்கத்துக்குத் தயாராக இருங்கள். அது வந்தால் அந்தப் பெண் இன்னொரு தரம் கூண்டில் ஏறுவார். டோர்ச் யார் கையில் இருந்தது, வெளிச்சம் எங்கே விழுந்தது, முகத்திலா பொல்லிலா என்று இம்முறை கேட்பார்கள். அவர் தடுமாறாமல் பதில் சொன்னால் அந்த ஒற்றைச் சாட்சியே போதும், உன் மாமா உள்ளே போக வேண்டியதுதான்.